எலப்புள்ளி தந்த மெல்லிசை மன்னர்

தமிழ்ச் சங்க விழா எதுவாயினும் தமிழ்த்தாய் வாழ்த்துடனேயே தொடங்குகிறது. அவை எழுந்து நிற்கிறது. பாடல் முடிந்ததும் அமர்கிறது. நிகழ்ச்சி நிரலின் முதல் வரியாக அச்சிடப்படுவதாலோ என்னவோ, அதனைப் பற்றி நாம் மேலும் எண்ணிப் பார்ப்பதில்லை. எண்ணிப் பார்ப்போமாயின் கேரள எல்லையில் வாழும் தமிழர்களாகிய நமக்கு அதில் தனிப்பட்ட உறவொன்று இருப்பது புலனாகும்.

அப்பாடல் 1891இல் வெளிவந்த 'மனோன்மணீயம்' என்னும் நாடக நூலின் பாயிரத்திலிருந்து எடுக்கப்பெற்றது. இயற்றியவர் பேராசிரியர் பெ. சுந்தரம் பிள்ளை. அவர் 1855இல் ஆலப்புழையில் பிறந்தார். திருவனந்தபுரம் மகாராஜா கல்லூரியில் தத்துவப் பேராசிரியராக விளங்கினார். அந்நகரிலேயே 1897இல் மறைந்தார். கரந்தைத் தமிழ்ச் சங்கம் முதலிய அமைப்புகளில் பாடப்பெற்று வந்த அவ்வாழ்த்தினைத் தமிழக அரசு 1970இல் அரசு விழாக்களுக்கு உரியதாக ஏற்றது. அப்பொழுது அதற்கு மோகன இராகத்தில், திசிர நடையில் இசையமைத்தவர் எம். எஸ். விசுவநாதன். அவர் பிறந்த ஊர் பாலக்காட்டை அடுத்த எலப்புள்ளி. தாய்மொழி மலையாளம். பாடிய இருவருள் டி. எம். சௌந்தரராஜன் மதுரையில் சௌராட்டிரம் பேசும் குடும்பத்தில் பிறந்தவர், பி. சுசீலா ஆந்திரத்தின் விசயநகரத்தைச் சேர்ந்தவர். தமிழன்னைக்கு எழுந்த வாழ்த்தை எழுதியவரும் இசை தந்தவரும் இன்றைய கேரள மண்ணில் பிறந்தவர்கள் என்பதை எல்லைப்புறத் தமிழர்களாகிய நாமே நம் பிள்ளைகளிடம் எடுத்துச் சொல்வதில்லை. சொல்லியிருந்தால், பள்ளியில், "நீ பாண்டிக்காரனா?" என்று கேட்கப்பட்டு வீடு திரும்பும் சிறுவனுக்குக் கையில் ஒரு விடையாவது இருந்திருக்கும்.

பேராசிரியர் சுந்தரம் பிள்ளையைப் பற்றித் தமிழறிஞர்கள் நிறையவே எழுதியுள்ளனர். இசையமைத்த விசுவநாதனைத் திரைப்படக்காரர் என்ற ஒரு சொல்லில் அடக்கிவிடுவதே இலக்கிய மலர்களின் வழக்கமாக இருந்து வருகிறது. அவ்வழக்கத்திற்கு மாறாக, அவர் வாழ்வின் சில பகுதிகளை வரலாற்று நோக்கில் ஈண்டுக் காண முயல்வோம்.

மேற்குத் தொடர்ச்சி மலை வடக்கும் தெற்கும் சுவர் எழுப்பி நிற்க, இடையே ஏறக்குறைய 30 கிலோமீட்டர் அகலத்திற்கு வாயில் திறந்து விட்டாற்போல அமைந்தது பாலக்காட்டுக் கணவாய். கொங்கு நாட்டுக் காற்றும், வணிகமும், வண்டிப் பாதையும் அவ்வழியே சென்றன. 1860களில் இருப்புப் பாதையும் வந்தது. எலப்புள்ளி அக்கணவாயினுள், பாலக்காட்டு நகருக்குக் கிழக்கே உள்ள சிற்றூர். இங்கு பனைகளைப் பார்த்தால் தமிழ்நாடு என்று தோன்றும். வயல்களைப் பார்த்தால் கேரளம் என்று தோன்றும். மக்கள் பேச்சும் அப்படியே. ஒரு வாக்கியம் மலையாளத்தில் தொடங்கித் தமிழில் முடிவது இப்பகுதியில் எவருக்கும் வியப்பன்று.

இவ்வூரில் 1928ஆம் ஆண்டு ஜூன் 24ஆம் நாள் மனையங்கத்து சுப்பிரமணியன், நாராயணி இணையர்க்கு மகனாகப் பிறந்தார் விசுவநாதன். அந்த ஆண்டில் வாளையாற்றில் மாநில எல்லை என்ற ஒன்று இல்லை. பாலக்காடு அன்று மலபார் மாவட்டத்தைச் சேர்ந்தது; மலபார் சென்னை மாகாணத்தைச் சேர்ந்தது. எலப்புள்ளி, கண்ணூர், கோயம்புத்தூர், சென்னை ஆகிய நான்கும் விசுவநாதன் வாழ்வில் அடுத்தடுத்து வந்த ஊர்கள். அவை நான்குமே அன்று ஒரே ஆட்சிக்குள் அடங்கியவை. 'மலையாள நாட்டிலிருந்து தமிழ்நாட்டுக்கு வந்தவர்' என்று பின்னாளில் எழுதினார்கள். அவர் வந்தபொழுது கடப்பதற்கு ஓர் எல்லைக்கோடு இருக்கவில்லை. கோடு பின்னரே வந்தது. நம்மில் பலருடைய பாட்டன்மார் கதையும் இதுவே அன்றோ?

அவர் நான்கு வயதுச் சிறுவனாக இருந்தபொழுது தந்தை இறந்தார். வறுமை தாளாத தாய் மகனோடு நீரில் மூழ்கி உயிர்விடத் துணிந்ததும், கடைசி நொடியில் பாட்டனார் கண்டு தடுத்து மீட்டதும் அவர் வாழ்க்கை வரலாற்றில் இடம்பெறும் செய்திகள். பாட்டனார் கிருஷ்ணன் நாயர் கண்ணூர்ச் சிறையில் காவலர் பணியில் இருந்தார். தாயும் மகனும் அங்குச் சென்றனர். சிறைக் காவலரின் சொற்ப ஊதியத்தில் ஒரு குடும்பம் நடப்பது எப்படி என்பதை, மாதக் கடைசியை அறிந்த நம் வாசகர்க்கு விரித்துரைக்க வேண்டியதில்லை.

சிறுவன் திரையரங்கில் நொறுக்குத் தீனி விற்றான். விற்பனையைவிடப் பாட்டுக் கேட்பதே அவனுக்கு இலாபமாக இருந்தது. ஒரே படம் பல நாள் ஓடும். ஒரே பாட்டு நாள்தோறும் செவியில் விழும். நீலகண்ட பாகவதர் என்னும் ஆசிரியரிடம் முறையான கருநாடக இசையும் பயின்றான். பதின்மூன்றாம் வயதில் மேடையேறிப் பாடியும் விட்டான்.

பாலக்காட்டுப் பகுதியின் இசைப் பெருமை என்றதும் செம்பை வைத்தியநாத பாகவதரும் (1896-1974), மிருதங்க மேதை பாலக்காடு மணி ஐயரும் (1912-1981) நினைவுக்கு வருவர். அவர்கள் வழிவழியாக இசை வளர்ந்த சூழலில் தோன்றியவர்கள். சிறைக் காவலரின் பேரனுக்கு அப்படிப்பட்ட பின்புலம் எதுவுமில்லை. முறையான பாடம் ஒரு பக்கமும் கொட்டகையின் ஓசை மறுபக்கமுமாகவே அவர் இசையறிவு வளர்ந்தது. பிற்காலத்தில் அவர் பாடல்களில் தூய இராகமும் தெருவோசையும் தயக்கமின்றிக் கைகோத்து நடந்ததற்கு வேரை இங்கேதான் தேட வேண்டும் என்பது நம் கருத்து.

அவருக்கு இருந்த ஆசை நடிப்பில். அதற்காகவே கோயம்புத்தூர் சென்று ஜூபிடர் நிறுவனத்தில் ஒட்டிக்கொண்டார். நடிப்பு வாய்க்கவில்லை, வாய்த்தது எடுபிடி வேலை. தேநீர் வாங்கி வருவதும் சிற்றுண்டி பரிமாறுவதும் அவர் பணி. அன்று கோவை சென்ட்ரல் ஸ்டூடியோவில் இசையமைப்பாளராகத் திகழ்ந்தவர் எஸ். எம். சுப்பையா நாயுடு. வாத்தியக்காரர்கள் உணவுக்குச் சென்ற வேளையில் ஆர்மோனியப் பெட்டியைத் தொட்டுப் பார்க்கும் பையனை அவர் விரட்டவில்லை, உதவியாளனாக்கிக் கொண்டார். 'அபிமன்யு' (1948) படத்தின் பாடலொன்றுக்கு இந்த உதவியாளன் போட்ட மெட்டே பயன்படுத்தப்பட்டது. வெளியே தெரிந்தால் நிறுவனத்தார் ஏற்கமாட்டார்கள் என்பதால் நாயுடுவின் பெயரிலேயே அது நின்றது. ஜூபிடர் நிறுவனம் கோவையைவிட்டு நீங்கியபொழுது, பையனுக்கு வாழ்வு கெட்டுவிடக் கூடாதே என்று நாயுடு தாமே உண்மையை முதலாளிகளிடம் சொல்லி, அவரைச் சென்னைக்கு அழைத்துக்கொள்ளச் செய்தார் என்பது திரையுலகில் வழிவழியாகச் சொல்லப்பெறும் செய்தி. அலுவலகங்களில் கீழுள்ளவன் எழுதிய குறிப்பின் அடியில் மேலுள்ளவர் கையொப்பமிடுவதைத் தினமும் காணும் நமக்கு, கையொப்பமிட்டவரே முன்வந்து எழுதியவன் பெயரைச் சொன்ன இச்செய்தி சற்று அதிகமாகவே மனத்தில் தைக்கிறது. விசுவநாதன் மறக்கவில்லை. நாயுடுவின் முதுமையில் அவரைத் தம் இல்லத்தில் வைத்துப் பேணினார்.

சென்னையில் அவர் சேர்ந்த இடம் சி. ஆர். சுப்பராமனின் இசைக்குழு. ஆர்மோனியம் விசுவநாதனுக்கு, வயலின் திருச்சிராப்பள்ளி டி. கே. இராமமூர்த்திக்கு. சுப்பராமன் 1952இல் முப்பது வயதைக்கூட எட்டாமல் மறைந்தார். 'தேவதாஸ்' உள்ளிட்ட படங்களின் வேலை முடியாமல் நின்றது. உதவியாளர் இருவரும் எஞ்சிய பணியை முடித்துத் தந்தனர். அவ்வாண்டே கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் இயக்கிய 'பணம்' படத்திற்கு இருவர் பெயரும் இணைந்து இடம்பெற்றன. இந்தியில் சங்கர்-ஜெய்கிஷன் இருப்பதைப்போலத் தமிழிலும் ஓர் இணை இருக்கட்டும் என்றவர் கலைவாணரே என்பர். இராமமூர்த்தி 1922இல் பிறந்தவர், ஆறாண்டு மூத்தவர். ஆயினும் இளையவர் பெயர் முன்னும் மூத்தவர் பெயர் பின்னுமாக 'விசுவநாதன்-இராமமூர்த்தி' என்று அமைந்தது. பதவி மூப்புப் பட்டியலில் ஓரிடம் பின்தள்ளப்பட்டதற்கு ஆண்டுக்கணக்கில் மனுச்செய்யும் உலகில் வாழும் நாம், இராமமூர்த்தியின் பெருந்தன்மையை இங்கே போற்றாமல் கடக்க இயலாது.

1952 முதல் 1965 வரை பதின்மூன்று ஆண்டுகள் அந்த இணை நீடித்தது. 'பாகப்பிரிவினை' (1959), 'பாவமன்னிப்பு', 'பாசமலர்', 'பாலும் பழமும்' (மூன்றும் 1961), 'நெஞ்சில் ஓர் ஆலயம்' (1962) என்று பெயர்களை அடுக்கினாலே போதும். மெட்டு வாசகர் காதில் தானே எழும். 1963இல் சென்னைத் திருவல்லிக்கேணியில் நடந்த பாராட்டு விழாவில் நடிகர் திலகம் சிவாஜி கணேசன் இருவருக்கும் 'மெல்லிசை மன்னர்கள்' என்ற பட்டத்தை வழங்கினார்.

திரைப்பாடல் பிறக்கும் முறையை நம் வாசகர் சிலர் அறிந்திருப்பர். அறியாதார் பொருட்டுச் சொல்வோம். இயக்குநர் காட்சியை விளக்குவார். இசையமைப்பாளர் ஆர்மோனியத்தின் முன்னமர்ந்து, சொல்லின்றி வெறும் தத்தகாரத்தில் மெட்டைப் பாடிக் காட்டுவார். அதன் சந்தத்திற்குக் கவிஞர் சொல்லை இட்டு நிரப்புவார். உடனிருக்கும் உதவியாளர் எழுதிக்கொள்வார். சில வேளைகளில் பாட்டு முதலில் பிறக்கும், மெட்டு பின்தொடரும். எம்முறையாயினும் இடர் ஒன்றே. தமிழில் குறில் நெடிலாக நீண்டால் பொருளே மாறிவிடும். 'கலை' என்ற சொல்லின் முதலெழுத்தை மெட்டு நீட்டினால் அது 'காலை' ஆகும். 'படம்' நீண்டால் 'பாடம்' ஆகும். சொல்லின் அழுத்தம் எங்கே விழ வேண்டும் என்பதை அறியாத இசையமைப்பாளரிடம் தமிழ்ப்பாட்டு படும் பாடு சொல்லுந்தரமன்று. விசுவநாதனுடைய மெட்டுகளில் அந்த இடர் அரிது. சொல்லைத் துணியாக விரித்து அதன்மேல் இசையைத் தைத்ததைப் போலன்றி, சொல்லின் உள்ளிருந்தே இசை கிளம்பியது போல் இருக்கும். தாய்மொழி தமிழல்லாத ஒருவருக்கு இது எவ்வாறு கைவந்தது? கணவாயில் பிறந்த செவி என்பதே நம் விடை. மலையாளத்திலும் குறில் நெடில் வேறுபாடு பொருளை மாற்றுவது. இரு மொழியும் கலந்தொலிக்கும் ஊரில் பிறந்தவருக்குச் சொல்லின் நீட்டலும் குறுக்கலும் பிள்ளைப் பருவத்திலேயே படிந்துவிடுகின்றன.

மற்றொரு காரணம் கவியரசு கண்ணதாசன். அவரும் ஜூன் 24ஆம் நாள் பிறந்தவரே. ஓராண்டு மூத்தவர், 1927. இருவரும் தத்தம் பிறந்தநாளைப் பகிர்ந்துகொண்டது போலவே பாடல்களையும் பகிர்ந்துகொண்டனர். செட்டிநாட்டுச் சிறுகூடல்பட்டியின் தமிழும் எலப்புள்ளியின் செவியும் கூடிய இடத்தில் இலக்கியமறியாத உழைப்பாளியும் தத்துவம் பாடத் தொடங்கினான். திரைப்பாட்டை இலக்கியமாகக் கொள்ளலாமா என்று அறிஞர்கள் வாதிட்ட காலம் அது. வாதம் மன்றத்தில் நடந்தது. தோட்டத்து லயங்களில் இலங்கை வானொலி ஒலித்துக்கொண்டிருந்தது. பிழைப்புக்காக மலையேறி வந்த குடும்பங்களின் பிள்ளைகள், தமிழ்ப் பள்ளி எட்டாத இடங்களில், அந்த வானொலியிலிருந்தே நல்ல தமிழ்ச் சொற்களின் ஒலிப்பைக் கற்றனர். அவ்வகையில் சௌந்தரராஜனும் சுசீலாவும் நமக்கு ஆசிரியர்கள். அவர்களுக்குப் பாடம் சொல்லிக்கொடுத்தவர் விசுவநாதன்.

ஒலிப்பதிவின் அருமையையும் சொல்ல வேண்டும். இன்று ஒவ்வொரு கருவியையும் தனித்தனியே பதிந்து பின்னர் ஒட்டிக்கொள்ளலாம். அன்று பாடகரும் கருவிகளும் ஒருங்கே நின்று ஒரே மூச்சில் பாடி இசைத்து முடிக்க வேண்டும். கடைசி அடியில் ஒருவர் தவறினால் எல்லோரும் மீண்டும் முதலிலிருந்து தொடங்க வேண்டும். 'சர்வர் சுந்தரம்' (1964) படத்தில் ஒரு பாடலின் ஒலிப்பதிவையே காட்சியாக்கியிருப்பார்கள். சௌந்தரராஜன் பாட, விசுவநாதன் கையசைத்து இசைக்குழுவை நடத்துவதைத் திரையில் காணலாம். பெயரை மட்டும் அறிந்திருந்த மக்கள் முகத்தையும் அறிந்தது அப்பொழுதுதான்.

அந்த 1964ஆம் ஆண்டின் வேலையை மட்டும் எடுத்துக்கொண்டாலும் இணையின் வீச்சு விளங்கும். 'கர்ணன்' படத்திற்கு வடநாட்டு இராகங்களின் கம்பீரம். 'காதலிக்க நேரமில்லை'க்கு மேனாட்டு இசையின் துள்ளல். 'படகோட்டி'க்கு மீனவர் குப்பத்தின் எளிமை. 'புதிய பறவை'க்கு மேனாட்டு வாத்தியங்களின் பெருமுழக்கம். நான்கும் ஒரே ஆண்டில், ஒரே இருவரின் கையில் பிறந்தன என்றால் நம்புதற்கு அரிது.

நிற்க. எல்லையின் வரலாற்றை இடையில் விட்டுவிட்டோம். 1956 நவம்பர் முதல் நாள் மொழிவழி மாநிலங்கள் அமைந்தன. மலபார் கேரளத்தோடு சேர்ந்தது. தெற்கே கன்னியாகுமரிப் பகுதியின் நான்கு வட்டங்களும் செங்கோட்டையின் ஒரு பகுதியும் சென்னை மாநிலத்திற்கு வந்தன. தமிழர் போராடிக் கேட்ட தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்திலேயே நின்றன. விசுவநாதனுக்கு அப்பொழுது வயது 28. தமிழ்த் திரையில் காலூன்றிவிட்டவர். ஒரே நாளில் அவர் பிறந்த ஊர் ஒரு மாநிலத்திலும் வாழும் ஊர் வேறு மாநிலத்திலும் ஆயின. மூணாற்றுத் தேயிலைத் தோட்டத்துத் தமிழருக்கோ நிலை வேறு. அவர்கள் இருந்த இடம் முன்னரே திருவிதாங்கூர் சமஸ்தானம். போடிமெட்டு வழியாகவும் கூடலூர்-குமுளி வழியாகவும் மலையேறியபொழுதே அவர்கள் ஓர் எல்லையைக் கடந்தவர்கள்தாம்.

இந்த இரண்டாவது எல்லையிலும் இசை வரலாறு ஒன்று உண்டு. 1958இல் தேவிகுளம் சட்டமன்றத் தொகுதியில் இடைத்தேர்தல் நடந்தது. கம்யூனிஸ்ட் வேட்பாளர் ரோசம்மா புன்னூஸ். வாக்காளர்களில் பெரும்பகுதியினர் தமிழ்த் தோட்டத் தொழிலாளர். அவர்களிடையே பாட்டுப் பாடிப் பரப்புரை செய்ய மலைக்குக் கீழே பண்ணைப்புரத்திலிருந்து பாவலர் வரதராசன் வந்தார். லயங்கள்தோறும் அவர் குரல் ஒலித்தது, ரோசம்மா வென்றார். அண்ணனின் பாட்டுப் பயணத்தில் அந்நாட்களில் சேர்ந்துகொண்ட பதினைந்து வயதுத் தம்பியே பின்னாளில் இளையராஜா ஆனார். இடுக்கி என்ற மாவட்டமே 1972இல்தான் உருவாயிற்று. அதற்குப் பதினான்கு ஆண்டுகள் முன்னரே அம்மலையின் பனியில் ஒரு பெரிய இசை வாழ்வுக்குப் பிள்ளையார் சுழி போடப்பட்டுவிட்டது.

இளையராஜா சென்னையில் ஜி. கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்தவர். அந்த வெங்கடேஷ், சுப்பையா நாயுடுவின் கோவைக் குழுவில் விசுவநாதனோடு பழகிய தோழர். 1976இல் 'அன்னக்கிளி' படத்தின் வாயிலாக இளையராஜாவை அறிமுகப்படுத்திய பஞ்சு அருணாசலம், கண்ணதாசனுக்கு உதவியாளராக இருந்து பாடல்களை எழுதியெடுத்தவர். ஆகவே பாலக்காட்டுக் கணவாயில் புறப்பட்டதும் தேவிகுளம் மலையில் புறப்பட்டதும் ஒன்றையொன்று அறியாத இரு நதிகள் அல்ல. 1986இல் 'மெல்லத் திறந்தது கதவு' படத்திற்கு இருவரும் இணைந்து இசையமைத்தனர். மூத்தவர் மெட்டுகளைத் தர, இளையவர் அவற்றுக்கு வாத்தியக் கோவை அமைத்தார். திரைத்துறையில் அடுத்து வந்தவர் முன்னிருந்தவரை ஓரங்கட்டுவதே இயல்பு. இங்கு நடந்தது வேறு.

1965இல் 'ஆயிரத்தில் ஒருவன்' படத்தோடு விசுவநாதனும் இராமமூர்த்தியும் பிரிந்தனர். காரணங்களைப் பற்றிப் பலர் பலவாறு எழுதியுள்ளனர். அவற்றைக் கிளறுவது இம்மலரின் வேலையன்று. 'கலங்கரை விளக்கம்' (1965) முதல் விசுவநாதன் தனித்து நின்றார். 'அன்பே வா' (1966), 'உயர்ந்த மனிதன்' (1968), 'உலகம் சுற்றும் வாலிபன்' (1973), 'அபூர்வ ராகங்கள்' (1975), 'நினைத்தாலே இனிக்கும்' (1979), 'வறுமையின் நிறம் சிவப்பு' (1980) என்று பட்டியல் நீளும். 'அபூர்வ ராகங்கள்' படத்தில் டாக்டர் பாலமுரளிகிருஷ்ணா உருவாக்கிய, நான்கே சுரங்களைக் கொண்ட மகதி இராகத்தில் ஒரு பாடலை அமைத்தார். நான்கு சுரங்களை மட்டும் வைத்துக்கொண்டு சாமானிய மக்களும் முணுமுணுக்கும் பாட்டைத் தருவது எளிய காரியமன்று. சென்னைத் தொலைக்காட்சியின் 'ஒளியும் ஒலியும்' வந்த பிறகு, அரங்கில் பார்க்காத படங்களின் பாடல்களும் வெள்ளிக்கிழமை மாலைகளில் வீடு தேடி வந்தன.

தாய்மொழித் திரைக்கு அவர் மிகத் தாமதமாகவே திரும்பினார். 'லங்காதகனம்' (1971), 'பணிதீராத்த வீடு' (1973), 'சந்திரகாந்தம்' (1974) முதலிய மலையாளப் படங்கள் அவர் இசையில் வந்தன. 'பணிதீராத்த வீடு' படத்தை இயக்கிய கே. எஸ். சேதுமாதவனும் பாலக்காட்டுக்காரரே, பாடல்கள் வயலார் இராமவர்மாவினுடையவை. அதில் ஒரு பாடலை விசுவநாதனே பாடினார். பழகிய பாடகர்களின் மெருகு இல்லாத, உடைந்தாற்போன்ற, உரத்த குரல் அது. ஆனால் மலையாளிகள் இன்றும் அப்பாடலை மறக்கவில்லை. அதே படத்தின் மற்றொரு பாடல் ஜெயச்சந்திரனுக்குக் கேரள அரசின் சிறந்த பாடகர் விருதைப் பெற்றுத் தந்தது.

நம் அலுவலகத்து மலையாள நண்பர் ஒருவர் உணவு இடைவேளையில், "எம்.எஸ்.வி. எங்கள் ஆள்" என்பார். நாமும் விட்டுக்கொடாமல், "எலப்புள்ளியில் இருந்திருந்தால் அவர் யார் என்று உங்களுக்கே தெரிந்திராது, தமிழன் அல்லவா அவரை வாழவைத்தான்" என்போம். அவர், "வாழவைத்தீர்கள், சரி; விருது வாங்கித் தந்தீர்களா?" என்று திருப்பிக் கேட்பார். அந்தக் கேள்விக்கு நம்மிடம் விடையில்லை.

மத்திய அரசு இசையமைப்பாளருக்கென்று தேசிய விருதை முதன்முதல் வழங்கியது 1967ஆம் ஆண்டுக்கு. 'கந்தன் கருணை'க்காகக் கே. வி. மகாதேவன் பெற்றார். தகுதியானவர்க்கே சென்றது. அடுத்த ஆண்டின் 'உயர்ந்த மனிதன்' படத்துப் பாடலுக்காகச் சுசீலாவுக்குப் பாடகியர் விருது கிடைத்தது. 'அபூர்வ ராகங்கள்' படத்திற்காக வாணி ஜெயராமுக்குக் கிடைத்தது. இரண்டிற்கும் இசையமைத்தவர் விசுவநாதன். அவருக்குத் தேசிய விருதோ பத்ம விருதோ வாழ்நாள் முழுவதும் வழங்கப்படவில்லை. கோப்பு எப்படி நகர்கிறது என்பதை மேசைக்கு இப்புறம் அமர்ந்து ஓரளவு அறிந்தவர்கள் நாம். தகுதி மட்டும் கோப்பைத் தள்ளுவதில்லை. எவரேனும் ஒருவர் முன்மொழிய வேண்டும். இங்கேதான் எல்லைக்கோடு தன் வேலையைக் காட்டியதோ என்ற ஐயம் நமக்கு உண்டு. கேரளம் அவரைத் தமிழ்நாட்டின் கணக்கில் எழுதியது. தமிழ்நாட்டில் பேசியவர்களும் பிறப்பைச் சொல்லும்பொழுது அவரைக் கேரளத்தின் கணக்கில் எழுதினர். இரு பேரேட்டிலும் வரவு வைக்கப்படாத தொகை நடுவில் நின்றது. நம்மைப்போல் எல்லையில் வாழ்வோரின் குடும்ப அட்டையும் சாதிச் சான்றிதழும் படும் பாட்டை எண்ணினால், இந்த ஐயம் மிகையாகத் தோன்றாது.

தமிழக அரசு கலைமாமணி விருது அளித்திருந்தது. 2012இல் அன்றைய முதலமைச்சர் ஜெயலலிதா, விசுவநாதன், இராமமூர்த்தி இருவருக்கும் 'திரையிசைச் சக்கரவர்த்தி' என்ற பட்டமும் பொற்காசுகளும் வழங்கிச் சிறப்பித்தார். அவர் கதாநாயகியாகத் தமிழில் அறிமுகமான 'வெண்ணிற ஆடை' (1965) இவ்விருவர் இசையில் வந்ததே. அடுத்த ஆண்டு, 2013இல், இராமமூர்த்தி காலமானார்.

கடைசிக் காலத்தில் விசுவநாதன் இளையவர்களோடு தயங்காமல் கலந்துகொண்டார். சிறுவயதில் வாய்க்காத நடிப்பு எழுபதாம் வயதில் கைவந்தது; 'காதல் மன்னன்', 'காதலா காதலா' (இரண்டும் 1998) படங்களில் நடித்தார். ஏ. ஆர். ரகுமானின் இசையில் 'சங்கமம்' (1999) படத்தில் பாடினார். 2002இல் வந்த 'கன்னத்தில் முத்தமிட்டால்' படத்திலும் ரகுமான் அவரை அழைத்தார். ஈழத்தில் போரினால் ஊரைவிட்டு வெளியேறும் தமிழர் கூட்டம், தம் மண்ணிடம் விடை கேட்டுக் கடற்கரை நோக்கி நடக்கும் காட்சி அது. அதற்கு எத்தனையோ இனிய குரல்கள் கிடைத்திருக்கும். ரகுமான் தேர்ந்தது எழுபது வயது கடந்த, கரகரத்த இந்தக் குரலை. ஊரைவிட்டு வந்த குடும்பங்களில் பாட்டனார்கள் பேசும் குரல் போலவே அது இருக்கும். நம் வீடுகளில் அப்பாட்டு ஒலித்தால் முதியவர்கள் எழுந்து வெளியே போய்விடுவதை நாம் கண்டதுண்டு.

2015 ஜூலை 14ஆம் நாள், 87ஆம் வயதில், சென்னையில் அவர் உயிர் பிரிந்தது. 2021 டிசம்பரில் தமிழக அரசு தமிழ்த்தாய் வாழ்த்தினை மாநிலப் பாடலாக அறிவித்தபொழுது, அதனை மோகன இராகத்தில், மூன்றன் நடையில், 55 நொடிகளில் பாடுதல் வேண்டும் என்று ஆணையிலேயே குறித்தது. எலப்புள்ளிக்காரர் அமைத்துத் தந்த இசை இவ்வாறாக அரசு ஆவணத்தில் ஏறியது.